வார்சாவை ஓவியத்தைப் பார்த்துத்தான் கட்டினார்களா?

உதகை ஓவிய ஆசிரியை
சனிக்கிழமை, இரவு 8.40

அனைவருக்கும் வணக்கம். உதகையில் ஒரு பள்ளியில் 19 ஆண்டுகளாக ஓவியம் கற்பித்து வருகிறேன். சென்ற வாரம் ஒன்பதாம் வகுப்புக்கு நகரக் காட்சி வரைவதைப் பற்றிப் பாடம் எடுத்தபோது, பெர்னார்டோ பெல்லோட்டோ வரைந்த வார்சா ஓவியங்களைத் திரையில் காட்டினேன். வெனிஸ் நகரத்தில் பிறந்து, தன் தாய்மாமனான கனலெட்டோவிடம் தொழில் கற்று, 1768 முதல் போலந்து மன்னர் ஸ்டானிஸ்வாவ் ஆகஸ்ட்டின் அரசவை ஓவியராக இருந்து, 1780-இல் வார்சாவிலேயே இறந்தவர் அவர். அரண்மனைக்காக அந்நகரத்தின் தெருக்களையும் தேவாலயங்களையும் மாளிகைகளையும் 26 ஓவியங்களாக வரைந்தார். இரண்டாம் உலகப் போரில் அந்நகரம் தரைமட்டமான பின், இந்த ஓவியங்களின் துணையோடு அதை மீண்டும் கட்டினார்கள் என்று மாணவர்களிடம் சொன்னேன்.

கடைசி வரிசையில் இருந்த ஒரு மாணவி எழுந்து, "அவர் அழகுக்காக மாற்றி வரைந்திருந்தால், அந்தப் பொய்யையே கட்டிவிட்டார்களா, மிஸ்?" என்று கேட்டாள். அடுத்த வகுப்பில் சொல்கிறேன் என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன். மூடுபனியில் நின்று உதகை ஏரியை வரையும்போது, எதிர்க்கரையில் இருக்கும் அழகில்லாத ஒரு சுவரை நானே பலமுறை விட்டிருக்கிறேன். அதனால் அந்தக் கேள்வி என்னைத் தூங்க விடவில்லை. கட்டடத் தொழில் அறிந்தவர்களும் வரலாறு படித்தவர்களும் விளக்க வேண்டும்.

குன்னூர் கட்டடப் பொறியாளர்
சனிக்கிழமை, இரவு 10.05

ஆசிரியை அவர்களுக்கு வணக்கம். மாணவியின் கேள்விக்கு விடை சொல்வதற்கு முன், பலரும் சொல்லும் கதையில் ஒரு திருத்தம் வேண்டியிருக்கிறது. வார்சா முழுவதையும் பெல்லோட்டோவைப் பார்த்துக் கட்டவில்லை. இன்று சுற்றுலாப் படங்களில் நாம் அதிகம் பார்க்கும் பழைய நகரச் சந்தைச் சதுக்கம் அவருடைய வார்சா வரிசையில் இல்லவே இல்லை. அதைக் கட்ட உதவியவை அளவு வரைபடங்களும் ஒளிப்படங்களும்தான். போருக்கு முன்பும், ஜெர்மானியர் ஆக்கிரமித்திருந்த காலத்திலும், வார்சா பாலிடெக்னிக்கின் போலந்துக் கட்டடக்கலைத் துறை ஆசிரியர்களும் மாணவர்களும் பழைய வீடுகளை நாடா பிடித்து அளந்து வரைந்து வைத்திருந்தார்கள். 1944-இல் ஜெர்மானியருக்கு எதிராக வார்சா மக்கள் நடத்திய எழுச்சி ஒடுக்கப்பட்டபின் அந்தச் சுருள்களை நகரத்துக்கு வெளியே கொண்டுபோய் பியோத்ர்கூவ் என்ற ஊரின் மடாலயம் ஒன்றில் மறைத்து வைத்தார்கள். 1945 பிப்ரவரியில் தலைநகர மறுகட்டுமான அலுவலகம் தொடங்கியபோது கைக்குக் கிடைத்த பெரிய சொத்து அதுதான்.

பெல்லோட்டோ பயன்பட்ட இடம் வேறு. கிராகோவ்ஸ்கியே பிஷெட்மியெஷ்சியே என்ற நீண்ட அரச வீதியிலும், மியோதோவா போன்ற பக்கத்துத் தெருக்களிலும்தான் அவர் ஓவியங்களை விரித்து வைத்துக்கொண்டு முகப்புகளை முடிவு செய்தார்கள். பிரானிட்ஸ்கி மாளிகையின் மேல்விளிம்பில் நிற்கும் சிலைகள் அவருடைய ஓவியத்தைப் பார்த்துத் திரும்ப வைக்கப்பட்டவை.

இனி தொழில்முறையாக ஒன்று. பெல்லோட்டோ கேமரா அப்ஸ்க்யூரா என்னும் இருட்டுப் பெட்டியைப் பயன்படுத்தியவர். லென்ஸ் வழியாக வரும் காட்சி கண்ணாடியில் பட்டுத் தாளில் விழும், அதன்மேல் பென்சிலை ஓட்டலாம். ஆனால் அகன்ற ஒரு தெரு ஒரே தாளில் அடங்காது. பல துண்டுகளாக எடுத்து ஒட்ட வேண்டும், ஒட்டுமிடத்தில் தூரமும் கோணமும் ஓவியரின் கைக்குப் போய்விடும். ஆகவே அத்தகைய படத்திலிருந்து எத்தனை ஜன்னல், கூரை எந்தப் பக்கம் சரிகிறது, புகைபோக்கி எங்கே, சுவருக்கு என்ன நிறம் என்பதை எல்லாம் எடுக்கலாம். ஜன்னலின் அகலத்தை எடுக்க முடியாது. வார்சாவில் மேல்மாடிகள் போனாலும் பல இடங்களில் நிலவறைச் சுவர்களும் அடித்தளமும் மண்ணுக்குள் மிஞ்சியிருந்தன. அகலத்தை அவை சொல்லின, முகத்தை ஓவியம் சொல்லியது. ஒன்றில்லாமல் மற்றொன்றை வைத்துக்கொண்டு எந்த மேஸ்திரியாலும் சுவர் எழுப்ப முடியாது.

கோத்தகிரி வாசகர்
ஞாயிற்றுக்கிழமை, காலை 6.50

பொறியாளர் ஐயா, அருமையான விளக்கம். ஒரு ஐயம் மட்டும். 1939-இல் அந்த வீதியில் இருந்த கட்டடங்களுக்கு ஒளிப்படங்கள் இருந்திருக்குமே! அவற்றை வைத்துக்கொண்டு நேற்று இருந்ததைக் கட்டாமல், 170 ஆண்டுகள் பின்னோக்கிப் போய் ஓவியத்தில் இருந்ததை ஏன் கட்டினார்கள்?

கொடைக்கானல் வரலாற்று ஆசிரியர்
ஞாயிற்றுக்கிழமை, காலை 9.30

கோத்தகிரி நண்பர் கேட்டதுதான் இந்த இழையின் உயிரான கேள்வி என்று நான் கருதுகிறேன். மாணவியின் கேள்விக்கும் விடை இதற்குள்ளேதான் இருக்கிறது.

வார்சா போர் நடுவில் தற்செயலாகக் குண்டு விழுந்து அழிந்த ஊர் மட்டும் அன்று. 1944 ஆகஸ்ட் 1-இல் தொடங்கிய எழுச்சி அக்டோபர் தொடக்கத்தில் முடிவுக்கு வந்த பிறகு, மக்களை வெளியேற்றிவிட்டு, தெருத் தெருவாகத் தீ வைத்தும் வெடி வைத்தும் தகர்த்தார்கள். அரண்மனைச் சுவர்களில் வெடிமருந்து வைக்கத் துளைகளை 1939-ஆம் ஆண்டிலேயே போட்டு வைத்திருந்தார்கள். வரலாற்று மையத்தில் 85 விழுக்காட்டுக்கு மேல் அழிந்தது. ஒரு மக்களின் நினைவையே அழிக்க வேண்டும் என்று திட்டமிட்டுச் செய்த அழிவு அது. அதனால்தான் யான் ஸஹ்வத்தோவிச் போன்ற பழங்கட்டடப் பாதுகாப்பு வல்லுநர்கள், பழைய கட்டடத்தைப் போலப் புதிதாகக் கட்டக் கூடாது என்ற தங்கள் துறையின் வழக்கத்தையே மீறி, திரும்பக் கட்டியே ஆக வேண்டும் என்று நின்றார்கள்.

ஆனால் எதைத் திரும்பக் கட்டுவது? ஒரு தெருவுக்கு ஒரே முகம் இருந்ததில்லை. கிராகோவ்ஸ்கியே வீதியில் 19-ஆம் நூற்றாண்டில் பல வீடுகளின்மேல் கூடுதல் மாடிகள் எழும்பின, முகப்புகள் மாறின. அந்த நூற்றாண்டு போலந்து தன் அரசை இழந்து ரஷ்யப் பேரரசின் கீழ் கிடந்த நூற்றாண்டு. நெருக்கி அடைத்த வாடகைக் கட்டடங்களின் நூற்றாண்டும்கூட. தேசப்பற்றாளருக்கு முதலாவது பிடிக்கவில்லை, 1945-க்குப் பின் வந்த பொதுவுடைமை அரசுக்கு இரண்டாவது பிடிக்கவில்லை. பெல்லோட்டோ வரைந்ததோ நாடு பிரிக்கப்பட்டு மறைவதற்கு முந்திய, கடைசி மன்னரின் வார்சா. இரு தரப்பும் ஒத்துக்கொள்ளக்கூடிய ஒரு வார்சா அந்த 26 சட்டகங்களுக்குள் இருந்தது. கூடுதல் மாடிகள் திரும்பி வரவில்லை. பழைய நகரத்தின் புனித யோவான் பேராலயத்தையும் போருக்கு முன் இருந்த முகப்போடு கட்டாமல், அதைவிடப் பழைய கோதிக் வடிவம் என்று தாங்கள் கருதியதை வைத்தே கட்டினார்கள்.

ஆகவே, ஆசிரியை அவர்களே, உங்கள் மாணவியிடம் நான் இப்படிச் சொல்வேன். பெல்லோட்டோ சில கட்டடங்களை இருந்ததைவிட நேர்த்தியாக வரைந்தார் என்பதும், அந்த நேர்த்தி சில இடங்களில் கல்லாகிவிட்டது என்பதும் உண்மை. ஆனால் ஒரு சிலையோ ஒரு விளிம்போ கூடிப்போனது சிறிய செய்தி. 150 ஆண்டு வாழ்க்கையை ஓர் ஓவியத்தின் பெயரால் தாண்டிப் போனதுதான் பெரிய செய்தி. அதைச் செய்தது ஓவியர் அன்று, கட்டியவர்கள். நான் அதைக் குற்றம் என்று சொல்லவில்லை. ஊரெல்லாம் செங்கல் குவியலாகக் கிடந்தபோது அவர்கள் எடுத்த முடிவை, கொடைக்கானலில் அடுப்பருகே உட்கார்ந்துகொண்டு நான் எடை போட மாட்டேன். ஆனால் அது ஒரு தேர்வு என்பதை மறைக்கக் கூடாது.

ஜெர்மனியின் டிரெஸ்டன் நகரத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். பெல்லோட்டோ வார்சாவுக்கு முன் அங்கேதான் 1748 முதல் அரசவை ஓவியராக இருந்தார். ஏழாண்டுப் போரில் 1760-இல் பிரஷ்யப் படை அந்நகரத்தைப் பீரங்கியால் தாக்கியது, அவருடைய வீடும் அழிந்தது. கிராய்ஸ்கிர்ஷே என்ற தேவாலயத்தின் இடிபாட்டை 1765-இல் அவரே வரைந்தார். பாதி உடைந்த கோபுரமும் கீழே குவிந்த கல்லும் அதன்மேல் ஏறி நிற்கும் மனிதர்களுமாக இருக்கும் அந்தப் படத்தைப் பார்த்துவிட்டுத்தான் அவருடைய மற்ற படங்களைப் பார்க்க வேண்டும் என்பேன். நகரம் அழியக்கூடியது என்பதைத் தன் வீட்டிலேயே கண்டவர் அவர். அன்றைய டிரெஸ்டன் மக்கள் அந்தத் தேவாலயத்தைப் பழையபடி கட்டவில்லை, தங்கள் காலத்துப் புதிய பாணியில் கட்டிக்கொண்டார்கள். 1945 பிப்ரவரிக் குண்டுவீச்சில் இடிந்த ஃப்ரௌன்கிர்ஷே தேவாலயமோ ஏறக்குறைய 50 ஆண்டுகள் கற்குவியலாகவே விடப்பட்டு, 1994-இல் தொடங்கி 2005-இல் பழைய வடிவிலேயே எழுந்தது. இடிபாட்டிலிருந்து பொறுக்கிய கறுத்த கற்களைப் புதிய வெளிர் கற்களுக்கு நடுவே அவை இருந்த இடத்தில் வைத்திருக்கிறார்கள். எது பழையது, எது புதியது என்று குழந்தைக்கும் தெரியும். வார்சாவின் முகப்புகளில் அந்த வேறுபாடு தெரியாது.

உதகை ஓவிய ஆசிரியை
ஞாயிற்றுக்கிழமை, மதியம் 12.15

ஐயா, 1765 ஓவியத்தைத் தேடிப் பார்த்தேன். ஒரு ஓவியராக எனக்குத் தோன்றியது இது: அரச வீதிகளை வரைந்தபோது அவர் காட்டிய அதே பொறுமையோடுதான் இடிபாட்டையும் வரைந்திருக்கிறார். ஒரு கல்லையும் விடவில்லை. அழகுக்காக அதை மென்மையாக்கவும் இல்லை. நாளை வகுப்பில் இதைத்தான் முதலில் காட்டுவேன்.

கூடலூர், தாயகம் திரும்பிய குடும்பம்
ஞாயிற்றுக்கிழமை, மாலை 4.20

பெரியவர்களுக்கு வணக்கம். என் தாத்தா கண்டி மலைத் தோட்டம் ஒன்றிலிருந்து 1964 இந்திய-இலங்கை ஒப்பந்தத்தின்படி இங்கே வந்தவர். அப்பாவும் நானும் கூடலூர்ப் பக்கத்தில், தோட்டத் தொழிலாளருக்கு வரிசையாகக் கட்டிய லைன் வீட்டில்தான் வளர்ந்தோம். வார்சாவைப் பற்றிப் படிக்கும்போது எனக்கு யாழ்ப்பாணப் பொது நூலகம்தான் நினைவுக்கு வருகிறது. சென்னையைச் சேர்ந்த கட்டடக் கலைஞர் நரசிம்மன் திராவிடப் பாணியில் வடிவமைத்து, 1959-இல் திறக்கப்பட்ட கட்டடம் அது. 1981 மே 31 இரவு தொடங்கி எரிக்கப்பட்டதில் ஏறக்குறைய 97,000 நூல்களும் ஓலைச்சுவடிகளும் போயின. பின்னர் வந்த போரில் மீண்டும் சேதமடைந்தது. இன்று அந்தக் கட்டடம் பழைய தோற்றத்திலேயே வெள்ளையாக எழுந்து நிற்கிறது. எரிந்த சுவர்களை நினைவுச்சின்னமாக அப்படியே விட்டுவிட வேண்டும், பூசி மறைக்கக் கூடாது என்று அன்று சொன்னவர்களும் உண்டு.

அங்கே ஓவியம் தேவைப்படவில்லை, வரைபடமும் ஒளிப்படமும் இருந்தன. ஆனால் வரலாற்று ஆசிரியர் சொன்ன அதே சிக்கல் அங்கேயும் உண்டு. கட்டடம் பழையபடியே வந்துவிட்டால், உள்ளே இருந்தவை திரும்பி வரவில்லை என்பதை வெளியிலிருந்து பார்ப்பவருக்கு எது சொல்லும்? என் அப்பா நூலகப் படத்தைக் காட்டும்போதெல்லாம் எரிந்த படத்தையும் பக்கத்தில் வைத்தே காட்டுவார். ஒன்றை மட்டும் காட்ட அவர் ஒருபோதும் சம்மதித்ததில்லை.

குன்னூர் கட்டடப் பொறியாளர்
ஞாயிற்றுக்கிழமை, இரவு 7.30

தம்பி, உங்கள் அப்பா செய்வதுதான் சரி. வார்சாவிலும் இந்த வேலையைச் சிறிதளவு செய்திருக்கிறார்கள். கிராகோவ்ஸ்கியே வீதியில் பெல்லோட்டோ ஓவியங்களின் பிரதிகளை அந்தந்த இடத்திலேயே கண்ணாடிக்குள் வைத்திருப்பதால், நடந்துபோகிறவர் ஓவியத்தையும் எதிரே நிற்கும் கட்டடத்தையும் மாறி மாறிப் பார்க்கலாம்.

முகப்புக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்பதும் சொல்லப்பட வேண்டியது. பழைய நகர வீடுகளின் உள்ளே பழைய அறைகளைத் திரும்பக் கட்டவில்லை. நீர்க் குழாயும் குளியலறையும் கொண்ட குடியிருப்புகளாக அமைத்தார்கள். பின்கட்டில் நெருக்கமாக இருந்த கட்டடங்களில் பலவற்றைத் திரும்ப எழுப்பாமல் வெளிச்சம் வர முற்றங்களைத் திறந்து விட்டார்கள். அரச வீதியின் தலைமாட்டில், அரண்மனைச் சதுக்கத்துக்கு அடியிலேயே 1949-இல் ஒரு சுரங்கச் சாலை திறந்தார்கள். மேலே 18-ஆம் நூற்றாண்டு, கீழே 20-ஆம் நூற்றாண்டு. ஓவியத்தை மதித்தார்கள், ஆனால் ஓவியத்துக்குள் குடியேறவில்லை. எனக்கு அதில் மிகுந்த மரியாதை உண்டு.

கோத்தகிரி வாசகர்
ஞாயிற்றுக்கிழமை, இரவு 9.00

என் வீட்டு அனுபவம் ஒன்றைச் சொல்ல விரும்புகிறேன். வார்சாவோடு ஒப்பிடும் அளவுக்குப் பெரியதன்று, ஆனால் பொருள் அதுவே.

என் தந்தையார் கடைகளுக்குப் பெயர்ப்பலகை எழுதுபவர். ஓய்வு நேரத்தில் எங்கள் வீட்டை முன்புறமிருந்து நீர்வண்ணத்தில் வரைந்து, சட்டம் போட்டு மாட்டியிருந்தார். அவர் காலமான சில ஆண்டுகளுக்குப் பின், ஓர் ஐப்பசி மழையில் முன்சுவர் முழுதும் சரிந்து விழுந்தது. வீட்டுக்கு வேறு படமே இல்லை. அந்த ஓவியத்தைக் கையில் கொடுத்து, இதேபோல் கட்டித் தாருங்கள் என்று ஆசாரியிடம் சொன்னேன். அவர் வெகுநேரம் பார்த்துவிட்டு, "ஐயா, இதில் கதவு நட்ட நடுவில் இருக்கிறது. அடியில் கிடக்கும் படிக்கல் இரண்டு முழம் இடப்பக்கம் தள்ளியல்லவா இருக்கிறது?" என்றார். போய்ப் பார்த்தால் அவர் சொன்னது சரி. நாற்பது ஆண்டுகள் அந்தக் கதவு வழியாகப் போய்வந்த எனக்கு அது நினைவில் இல்லை, ஓவியமே நினைவாகிவிட்டிருந்தது. அப்பா எதையும் நேராக, நடுவாக எழுதிப் பழகியவர். பலகையில் எழுத்தை நடுவில் நிறுத்துவதுபோலக் கதவையும் நிறுத்திவிட்டார்.

படிக்கல் இருந்த இடத்தில்தான் கதவை வைத்தோம். ஆனால் அப்பா தீட்டியிருந்த நீல நிறத்தை ஜன்னல்களுக்கு அப்படியே அடித்தோம். அந்த நீலம் உண்மையில் இருந்ததா என்று அம்மாவிடம் கேட்டேன். "இருக்கணும்னு ஆசைப்பட்டார்" என்றார்.

கேத்தி பள்ளத்தாக்கு
திங்கட்கிழமை, காலை 7.10

கோத்தகிரி அண்ணா எழுதியதைப் படித்து மனம் நெகிழ்ந்தது. நான் படகர் வீட்டுப் பிள்ளை. வேறொரு கோணத்தைச் சொல்ல வேண்டும் என்று தோன்றுகிறது.

யார் வரைந்தார், யாருக்காக வரைந்தார் என்று இதுவரை யாரும் கேட்கவில்லை. பெல்லோட்டோ மன்னருக்காக வரைந்தார். அவர் தெருக்களில் பிச்சைக்காரரும் வணிகரும் யூதரும் இருக்கிறார்கள் என்பதை ஒப்புக்கொள்கிறேன், ஆனால் அவர் எங்கே நின்று பார்த்தார் என்பதை மன்னரின் தேவைதான் முடிவு செய்தது. நம் மலைக்கு வாருங்கள். கேப்டன் ரிச்சர்டு பேரன் என்ற ஆங்கிலேய அதிகாரி வரைந்த நீலகிரிக் காட்சிகள் 1837-இல் லண்டனில் வண்ண அச்சுகளாக வெளிவந்தன. மலை, ஏரி, பங்களா எல்லாம் அவற்றில் இருக்கின்றன, தோடர்களும் காட்சிப் பொருளாக வருகிறார்கள். ஒரு நாள் உதகை அழிந்து, அந்த அச்சுகளை மட்டும் வைத்துத் திரும்பக் கட்டினால் எது வரும்? ஆங்கிலேயக் கலெக்டர் சல்லிவன் 1820-களில் உண்டாக்கிய ஏரியும் கரைமேல் சில பங்களாக்களும் வரும். எங்கள் படகர் ஊரான ஹட்டியின் ஒரே வரிசை வீடுகள் வருமா? இன்றைய மார்க்கெட் வருமா? தோட்டங்களின் லைன் வீடுகள் வருமா?

உதகை புனித ஸ்டீபன் தேவாலயத்தின் உத்தரங்கள் ஸ்ரீரங்கப்பட்டணத்தில் திப்புவின் அரண்மனையிலிருந்து வந்தவை. அந்த நகரத்தையும் அதன் கோட்டையையும், அதைத் தாக்கப் போன படையோடு வந்த ராபர்ட் ஹோம் போன்றவர்கள் வரைந்து வைத்தார்கள். தோற்ற ஊரின் படம் வென்றவர் கையில் இருக்கிறது, மரம் நம் ஊர்த் தேவாலயக் கூரையில் இருக்கிறது. அந்த அரண்மனையை யாராவது மீண்டும் கட்ட நினைத்தால், எந்தக் கண்ணைக் கடன் வாங்குவார்கள் என்பதை நினைத்துப் பார்க்க வேண்டும்.

தோடர்களின் கோயில் குடிசைகளையும் பாருங்கள். கூரைப் புல் நைந்தால் பிரித்து, அதே வளைவோடு மீண்டும் மேய்கிறார்கள். படம் பார்த்துச் செய்வதில்லை, மூங்கிலை வளைக்கத் தெரிந்த கைகள் இருப்பதால் செய்கிறார்கள். கைகள் இருக்கும்வரை படம் தேவையில்லை என்று நான் நினைக்கிறேன்.

கொடைக்கானல் வரலாற்று ஆசிரியர்
திங்கட்கிழமை, காலை 11.45

தங்கையின் கேள்வி நியாயமானது, நான் முதலில் எழுதியபோதே எழுப்பியிருக்க வேண்டியது. ஆனால் கடைசி வரியில் மட்டும் எனக்கு உடன்பாடில்லை. போர் முதலில் கொல்வது கைகளைத்தான். வார்சாவில் கல் தச்சரும் பூச்சு வேலைக்காரரும் அவர்களுக்குக் கற்றுக்கொடுத்தவர்களும் பெருமளவில் மாண்டு போனார்கள். கைகள் போன இடத்தில் படம் ஒன்றுதான் ஆசிரியர். அந்தப் பழைய முகப்புகளைக் கட்டிய காரணத்தாலேயே புதிய தலைமுறை ஒன்று அத்தொழில்களை மீண்டும் கற்றது. அரண்மனையைக் கட்டும் முடிவு 1971-இல்தான் வந்தது. மக்கள் கொடுத்த நன்கொடையில் கட்டப்பட்டு 1984-இல் திறக்கப்பட்டபோது, பெல்லோட்டோ ஓவியங்களும் அங்கே தங்கள் அறைக்குத் திரும்பின. இந்த ஓவியங்களே நெப்போலியன் காலத்தில் பிரான்சுக்கும், பின்னர் ரஷ்யாவுக்கும், 1939-க்குப் பின் ஜெர்மனிக்கும் கொண்டு போகப்பட்டு மீண்டவை என்பதையும் மறக்க வேண்டாம்.

கேத்தி பள்ளத்தாக்கு
திங்கட்கிழமை, மதியம் 1.20

கைகளே அழிந்துபோகும் நிலையை நான் எண்ணிப் பார்க்கவில்லை, அதை ஏற்றுக்கொள்கிறேன் சார். ஆனால் அப்படியானால், அரண்மனைக்கு ஒரு பெல்லோட்டோ இருந்ததுபோல எங்கள் ஹட்டிக்கும் லைன் வீட்டுக்கும் யாராவது இப்போதே வரைந்து வைக்க வேண்டும் அல்லவா?

உதகை ஓவிய ஆசிரியை
திங்கட்கிழமை, இரவு 8.30

இன்று வகுப்பு நடந்தது. முதலில் கிராய்ஸ்கிர்ஷே இடிபாட்டைக் காட்டினேன், பிறகு வார்சா வீதியைக் காட்டினேன். கேள்வி கேட்ட மாணவியிடம், கட்டியவர்கள் பொய்யைக் கட்டவில்லை, பல உண்மைகளில் ஒன்றைத் தேர்ந்தெடுத்தார்கள் என்று சொன்னேன். அவள் விடவில்லை. "அப்போ நாங்க வரையும்போது எதை விட்டோம்னு எழுதி வைக்கலாமா?" என்று கேட்டாள்.

எனவே வரும் சனிக்கிழமை மார்க்கெட் தெருவை வரையப் போகிறோம். ஒவ்வொரு தாளின் பின்புறத்திலும் நாள், எந்தக் கடைப் படியில் நின்று வரைந்தார்கள், கதவும் ஜன்னலும் எத்தனை, எவற்றை விட்டார்கள் அல்லது மாற்றினார்கள் என்பதை எழுத வேண்டும் என்று சொல்லியிருக்கிறேன். அதற்கடுத்த வாரம் கேத்திக்கு வர அனுமதி கேட்கிறோம், தங்கை உங்கள் ஊர்ப் பெரியவர்களிடம் சொல்லி வைக்க வேண்டும். கூடலூர் தம்பியின் வீடு தொலைவு, அதைப் பள்ளி விடுமுறையில்தான் பார்க்க வேண்டும். பொறியாளர் ஐயா, அகலத்தை ஓவியத்திலிருந்து எடுக்க முடியாது என்று சொன்னீர்கள். சனிக்கிழமை நாடாவோடு வந்து பிள்ளைகளுக்கு அளக்கக் கற்றுத் தர முடியுமா?

குன்னூர் கட்டடப் பொறியாளர்
திங்கட்கிழமை, இரவு 9.05

வருகிறேன் அம்மா. 30 மீட்டர் நாடா இரண்டு இருக்கிறது. காலை ரயிலில் வந்தால் தாமதமாகிவிடும், முதல் பேருந்தில் வந்துவிடுகிறேன். கடைகள் திறப்பதற்குள் முகப்புகளை அளந்துவிட வேண்டும், எட்டு மணிக்குமேல் மூட்டைகள் இறங்கத் தொடங்கினால் சுவரே தெரியாது.